பென்சில் குறி விழாத 18 அத்தியாயங்கள்

சென்ற ஆண்டு தீபாவளிக்கு இரண்டு வாரம் இருக்கையில், எங்கள் வீவக வீட்டின் சேமிப்பறையைச் சுத்தம் செய்யும் பொறுப்பு என் தலையில் விழுந்தது. பழைய மின்விசிறி, தம்பியின் தொடக்கப்பள்ளிச் சீருடை, மூடி தொலைந்த டப்பாக்கள். எல்லாவற்றுக்கும் அடியில் பழுப்பேறிய ஓர் ஆங்கிலப் புத்தகம் கிடந்தது. ‘தி எக்ஸ்-ஃபைல்ஸ்’ தொலைக்காட்சித் தொடரின் வழிகாட்டி நூல் அது. பெயர், ‘தி ட்ரூத் இஸ் அவுட் தேர்’. பிரையன் லோரி என்பவர் எழுதி 1995ல் வெளிவந்தது.

தூக்கிப் போடும் குவியலில் வைக்கப் போனவள், சும்மா புரட்டினேன். ஒவ்வோர் அத்தியாயத்தின் தலைப்புக்குப் பக்கத்திலும் சின்னதாகப் பென்சிலில் ஒரு சரிக் குறி. ஆனால் எல்லாவற்றுக்கும் இல்லை. எண்ணிப் பார்த்தேன். நூலில் உள்ளவை முதல் இரண்டு பருவங்களின் 49 அத்தியாயங்கள். குறி விழுந்தவை 31. மீதம் 18.

“அப்பா, இது யாருடையது?” என்று கேட்டேன்.

கூடத்தில் ஏணியில் நின்று மின்விளக்கைத் துடைத்துக்கொண்டிருந்த அப்பா கீழே இறங்கிவிட்டார். “அதை எங்கேம்மா எடுத்த?” என்று வாங்கியவர், கையில் இருந்த ஈரத்துணியைத் தோளில் போட்டுக்கொண்டு அங்கேயே நின்று புரட்ட ஆரம்பித்தார்.

அப்பா அதிகம் பேசமாட்டார். அன்று பேசினார். 1996ல் அவருக்கு 24 வயது. கப்பல் பட்டறையில் சுழல்முறை வேலை. ஒரு வாரம் பகல், மறுவாரம் இரவு. தொடர் ஒளிபரப்பாகும் நேரத்தில் பாதி நாள் அவர் வேலையில் இருப்பார். வீட்டில் பதிவுசெய்து பார்க்கும் கருவியும் இல்லை. பிராஸ் பாசா வளாகத்தில் ஒரு பழைய புத்தகக் கடையில் இந்த நூலைப் பார்த்ததும் வாங்கிவிட்டாராம்.

“பார்க்காத கதையெல்லாம் இதில் படித்துத் தெரிஞ்சுக்கலாம்னு வாங்கினேன். ஆனா படிக்கலை. பார்த்த கதைக்கான பக்கத்தை மட்டும் படிப்பேன். பார்க்காதது எப்பவாவது மறுஒளிபரப்பு வரும், அப்போ பார்த்துக்கலாம்னு விட்டுட்டேன்.”

பிறகு திருமணம், நான், தம்பி, மேலும் பல இரவு வேலைகள். அந்த 18 அத்தியாயங்களும் ஏறத்தாழ 30 ஆண்டுகளாக அப்படியே காத்திருந்தன.

அந்தப் புத்தகம் தூக்கிப்போடும் குவியலுக்குப் போகவில்லை. என் மேசைக்கு வந்தது. அதிலிருந்துதான் தொலைக்காட்சித் தொடர்களின் துணைநூல்கள் மீது எனக்கு ஆர்வம் பிறந்தது. தேர்வு முடிந்த விடுமுறையில் நூலகத்திலும் பழைய புத்தகக் கடைகளிலும் தேடித் தேடிப் படித்தேன். மர்மத் தொடரோ அறிவியல் புனைவுத் தொடரோ பார்க்கும் பழக்கம் உங்களுக்கும் இருந்தால், இந்த நூல்களை ஒரு முறையாவது புரட்டிப் பாருங்கள் என்று சொல்லத்தான் இதை எழுதுகிறேன்.

மறுபடி பார்க்க முடியாத காலம்

துணைநூல் என்றால் என்ன? ஒரு தொடரோடு சேர்த்துப் படிப்பதற்காக எழுதப்படும் நூல். அத்தியாயங்களின் சுருக்கம், தயாரிப்பின் கதை, அதிலுள்ள அறிவியல், பாத்திரங்களின் நாட்குறிப்பு என்று அது பல வடிவங்களில் வரும்.

நம் தலைமுறைக்கு ஒரு விஷயம் எளிதில் புரியாது. முன்பெல்லாம் ஓர் அத்தியாயத்தைத் தவறவிட்டால் தவறவிட்டதுதான். ‘ஸ்டார் டிரெக்’ முதல் தொடர் 1966 முதல் 1969 வரை அமெரிக்காவில் ஒளிபரப்பானது. மொத்தம் 79 அத்தியாயங்கள். அதை நேசித்தவர்களிடம் இருந்தவை நினைவும் காகிதமும் மட்டுமே. எந்த அத்தியாயத்தில் எந்தக் கோள் வந்தது, எந்தக் கருவிக்கு என்ன பெயர் என்று ரசிகர்கள் தொகுக்கத் தொடங்கினார்கள். அவர்களே அச்சிட்ட அந்தத் தொகுப்பு 1969ல் வந்தது. பின்னர் பிஜோ டிரிம்பிள் அதை விரிவாக்கி, 1976ல் ‘ஸ்டார் டிரெக் கன்கார்டன்ஸ்’ என்ற பெயரில் ஒரு பெரிய பதிப்பகத்தின் வழியாக வெளியிட்டார். ‘ஸ்டார் டிரெக்’ தொடரை நிறுத்தக்கூடாது என்று ரசிகர்களைத் திரட்டிக் கடிதம் எழுத வைத்தவர்களில் முக்கியமானவரும் அவரே.

பிரிட்டனின் ‘டாக்டர் ஹூ’ கதை இன்னும் கவலை தருவது. 1963 நவம்பர் 23ஆம் தேதி தொடங்கிய தொடர் அது. அந்தக் காலத்தில் ஒளிநாடாக்களின் விலை அதிகம். ஒருமுறை ஒளிபரப்பியதை மறுபடி காட்டவும் கட்டுப்பாடுகள் இருந்தன. அதனால் பிபிசி 1960களின் அத்தியாயங்கள் பலவற்றை அழித்துவிட்டு, அதே நாடாக்களில் வேறு நிகழ்ச்சிகளைப் பதிவுசெய்தது. பிற நாடுகளிலிருந்தும் தனியாரிடமிருந்தும் சில பிரதிகள் பிறகு மீட்கப்பட்டன. ஆனாலும் 90க்கும் மேற்பட்ட அத்தியாயங்களின் காட்சிகள் இன்னும் கிடைக்கவில்லை.

அவற்றின் ஒலி மட்டும் முழுமையாக இருக்கிறது. யாரால்? வீட்டில் தொலைக்காட்சிப் பெட்டிக்குப் பக்கத்தில் ஒலிப்பதிவுக் கருவியை வைத்துப் பதிவுசெய்த ரசிகர்களால். 1973ல் தொடங்கிய ‘டார்கெட்’ பதிப்பக வரிசையில் அந்தக் கதைகள் சிறிய நாவல்களாகவும் வந்தன. அவற்றில் 60க்கும் மேற்பட்டவற்றை எழுதியவர் டெரன்ஸ் டிக்ஸ். அவரும் மால்கம் ஹல்க்கும் சேர்ந்து 1972ல் எழுதிய ‘தி மேக்கிங் ஆஃப் டாக்டர் ஹூ’, அந்தத் தொடர் எப்படி உருவாகிறது என்று பிள்ளைகளுக்கும் புரியும் விதத்தில் சொன்ன நூல்.

ஒரு நிறுவனம் வேண்டாம் என்று அழித்ததை, ஒரு வீட்டின் கூடத்தில் யாரோ ஒரு மாணவர் பத்திரப்படுத்தியிருக்கிறார் என்று நினைத்தபோது, அப்பாவின் பென்சில் குறிகள் எனக்கு வேறு மாதிரி தெரிந்தன.

ஒரு மாணவர் எழுதிய கதை

துணைநூல்களில் எனக்கு மிகவும் பிடித்த வகை, ‘எப்படி எடுத்தார்கள்’ என்று சொல்பவை.

‘தி மேக்கிங் ஆஃப் ஸ்டார் டிரெக்’ 1968ல் வெளிவந்தது. தொடர் அப்போது இன்னும் ஓடிக்கொண்டிருந்தது. ஸ்டீபன் விட்ஃபீல்டும் தொடரை உருவாக்கிய ஜீன் ராடன்பெர்ரியும் இணைந்து வெளியிட்ட நூல். தயாரிப்பாளர்கள் ஒருவருக்கொருவர் எழுதிக்கொண்ட அலுவலகக் குறிப்புகளையும் அதில் சேர்த்திருந்தார்கள். கற்பனை என்று நாம் நினைக்கும் பலவற்றுக்குப் பின்னால் பணக்கணக்கு இருந்தது அதில் தெரிகிறது. மனிதர்களைக் கரைத்து வேறோர் இடத்தில் தோன்றவைக்கும் ‘டிரான்ஸ்போர்ட்டர்’ கருவியையே எடுத்துக்கொள்ளுங்கள். ஒவ்வொரு வாரமும் அந்தப் பெரிய விண்கலம் ஒரு கோளில் தரையிறங்குவதைக் காட்டச் செலவு கட்டுப்படியாகாது. அதற்காக யோசித்த வழிதான் அது!

அதைவிட என்னை ஈர்த்தது டேவிட் ஜெரால்டின் கதை. கல்லூரி மாணவராக இருந்தபோது ‘ஸ்டார் டிரெக்’ பார்த்துவிட்டு, தானே ஒரு கதைச் சுருக்கம் எழுதி அனுப்பிவைத்தவர் அவர். விளைவு, ‘தி டிரபிள் வித் டிரிபிள்ஸ்’ என்ற அத்தியாயம். பிறந்த உடனே பெருகத் தொடங்கும் மென்மையான ரோமப் பந்துகள் ஒரு விண்வெளி நிலையத்தையே நிறைத்துவிடும் நகைச்சுவைக் கதை. 1967 டிசம்பர் 29ஆம் தேதி ஒளிபரப்பானபோது ஜெரால்டுக்கு வயது 23.

அந்த ஒரே அத்தியாயம் எப்படி உருவானது என்று அவர் 1973ல் ஒரு முழு நூலே எழுதினார். அதில் அவர் தன் தவறுகளை மறைக்கவில்லை. முதலில் அந்த உயிரினத்துக்கு அவர் வைத்த பெயர், ஏற்கெனவே வந்த ஒரு நாவலின் பெயரோடு ஒத்துப்போனதால் மாற்றவேண்டியிருந்தது. அவருடைய தட்டச்சுப் பொறியின் எழுத்து வழக்கத்தைவிடச் சிறியது. எனவே சரியான நீளம் என்று நினைத்து அனுப்பிய திரைக்கதை, அலுவலகத்தில் மறுபடி தட்டச்சு செய்யப்பட்டபோது மிக நீண்டுவிட்டது. பல பக்கங்களை வெட்டவேண்டிய நிலை.

சொல்வரம்பைத் தாண்டிய கட்டுரையைச் சமர்ப்பிப்பதற்கு ஒரு மணி நேரம் முன்பு வெட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கும் நமக்கு, இந்தக் கதை ஆறுதலாக இருக்கும் அல்லவா? வெட்டிய பிறகு கதை மேம்பட்டது என்பது அவர் கற்றுக்கொண்ட பாடம். நம் கட்டுரைக்கும் அது பொருந்தும்.

‘தி டுவைலைட் ஸோன்’ தொடருக்கு மார்க் ஸ்காட் சிக்ரீ எழுதிய துணைநூல் 1982ல் வந்தது. 1959 முதல் 1964 வரை வந்த அந்தத் தொடரின் 156 அத்தியாயங்களில் 92ஐ ராட் செர்லிங் ஒருவரே எழுதியிருக்கிறார். 1975லேயே அவர் காலமாகிவிட்டார். அதனால் சிக்ரீ, அவருடன் பணியாற்றியவர்களைத் தேடிச் சென்று பேசி, 156 அத்தியாயங்களையும் ஒவ்வொன்றாக விவரித்து எழுதினார். எல்லாவற்றையும் அவர் புகழவில்லை. தோற்ற அத்தியாயம் ஏன் தோற்றது என்றும் சொல்கிறார். ஒன்றை நேசித்துக்கொண்டே அதைக் குறை சொல்வது எப்படி என்று நான் கற்றது இந்த வகை நூல்களில்தான்.

கதைக்குள் இருந்து வந்த நூல்கள்

இன்னொரு வகை உண்டு. அவை தொடரைப் பற்றிய நூல்கள் அல்ல, தொடரின் கதைக்குள்ளேயே இருக்கும் நூல்கள்.

1990ல் வந்த ‘டுவின் பீக்ஸ்’ மர்மத் தொடரின் மையக் கேள்வி, லாரா பாமர் என்ற மாணவியைக் கொன்றது யார் என்பது. முதல் பருவத்துக்கும் இரண்டாம் பருவத்துக்கும் இடையில், ‘லாரா பாமரின் ரகசிய நாட்குறிப்பு’ கடைகளுக்கு வந்தது. எழுதியவர் தொடரை உருவாக்கிய டேவிட் லின்ச்சின் மகள் ஜெனிஃபர் லின்ச். அப்போது அவருக்கு 22 வயது. நாட்குறிப்பின் முக்கியமான இடங்களில் பக்கங்கள் காணாமல் போயிருக்கும். தொடரைப் பார்த்தவர்கள் அந்த இடைவெளிகளில் துப்பு தேடினார்கள். இந்த நூல் பாலியல் வன்கொடுமையைப் பற்றி வெளிப்படையாகப் பேசுகிறது. எனவே உயர்நிலைப்பள்ளித் தம்பி தங்கைகள் இதை இப்போது எடுக்கவேண்டாம். வளர்ந்த பிறகு படிக்கலாம்.

‘லாஸ்ட்’ தொடரில் ஒரு விளையாட்டு செய்தார்கள். விமானம் விழுந்த தீவில் சாயர் என்ற பாத்திரம், இறந்துபோன ஒரு பயணியின் கையெழுத்துப் பிரதியைப் படித்துக்கொண்டிருப்பார். முடிவு தெரியப்போகும் நேரத்தில், ஜாக் அதைப் பிடுங்கி நெருப்பில் போட்டுவிடுவார். அதே ‘பேட் டுவின்’ நாவல் 2006ல் உண்மையிலேயே கடைகளில் விற்பனைக்கு வந்தது! அட்டையில் ஆசிரியர் பெயர் கேரி டிரூப். அப்படி ஓர் எழுத்தாளர் கிடையாது, அவர் கதையில் வரும் பயணி. அந்தப் பெயரின் ஆங்கில எழுத்துகளை மாற்றி அடுக்கினால் ‘பர்கட்டரி’ என்ற சொல் வரும். இறந்த ஆன்மாக்கள் சொர்க்கத்துக்குப் போகுமுன் தங்கித் தூய்மையடையும் இடம் என்று கத்தோலிக்கச் சமயம் சொல்லும் நிலை அது. அந்தத் தீவு அதுதானோ என்று ரசிகர்கள் மண்டையை உடைத்துக்கொண்டதற்கு இப்படிப்பட்ட குறும்புகளும் காரணம்.

இவற்றில் விற்பனைத் தந்திரம் இல்லாமல் இல்லை. தொடர் ஓடும்போதே பணம் பார்த்துவிட வேண்டும் என்று அவசரத்தில் அச்சிடப்பட்ட நூல்களும் எத்தனையோ. படங்களை நிரப்பி, நமக்குத் தெரிந்த கதையையே திரும்பச் சொல்லும் நூல்களை நான் பாதியில் மூடிவைத்திருக்கிறேன். ஒரு துணைநூல் நல்லதா என்று பார்க்க எனக்கு ஓர் எளிய வழி உண்டு. அதைப் படித்த பிறகு அந்த அத்தியாயத்தை மறுபடி பார்க்கத் தோன்றினால் நல்ல நூல்.

கற்பனையைக் கணக்குப் போடுதல்

நான் உயிர் அறிவியல் மாணவி. அதனால் நான்காவது வகைக்கு வருகிறேன்.

இயற்பியலாளர் லாரன்ஸ் கிராஸ் 1995ல் எழுதியது ‘தி ஃபிசிக்ஸ் ஆஃப் ஸ்டார் டிரெக்’. முன்னுரை எழுதியவர் ஸ்டீபன் ஹாக்கிங். அவரே 1993ல் அந்தத் தொடரின் ஓர் அத்தியாயத்தில் தானாகவே தோன்றி, நியூட்டன், ஐன்ஸ்டீன் பாத்திரங்களோடு சீட்டு விளையாடியவர். பார்ப்பவர்களின் கனவைக் கெடுக்காமல், ஆனால் கணக்கை விட்டுக்கொடுக்காமல் எழுதப்பட்ட நூல் அது.

டிரான்ஸ்போர்ட்டர் கருவியை நாமே சோதித்துப் பார்க்கலாம். 50 கிலோ எடையுள்ள ஒருவரை முழுவதும் ஆற்றலாக மாற்றுகிறோம் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஆற்றல் என்பது நிறையை ஒளிவேகத்தின் வர்க்கத்தால் பெருக்கிக் கிடைப்பது என்று உயர்நிலைப் பள்ளியிலேயே கேள்விப்பட்டிருப்பீர்கள். பெருக்கிப் பார்த்தால், ஒரு மெகாடன் அணுகுண்டுகள் ஆயிரத்துக்கும் மேல் ஒரே நேரத்தில் வெடிப்பதற்குச் சமம். ஒருவரை அனுப்பும் முன்பு ஊரே இருக்காது.

இன்னொரு சிக்கல், ஓர் அணுத்துகளின் இடத்தையும் உந்தத்தையும் ஒரே நேரத்தில் துல்லியமாக அறிய முடியாது என்ற ஹைசன்பர்க்கின் விதி. தொடரின் எழுத்தாளர்கள் இதற்காக ‘ஹைசன்பர்க் ஈடுசெய்யும் கருவி’ ஒன்றைக் கற்பனை செய்தார்கள். அது எப்படி வேலை செய்கிறது என்று தொடரின் தொழில்நுட்ப ஆலோசகர் மைக்கேல் ஒகுடாவிடம் கேட்டபோது, அது நன்றாகவே வேலை செய்கிறது, நன்றி என்றாராம்!

‘எக்ஸ்-ஃபைல்ஸ்’ தொடருக்கு இதுபோல் எழுதியவர் ஆன் சைமன். தாவரங்களைத் தாக்கும் கிருமிகளை ஆராயும் விஞ்ஞானி. முதல் பருவத்திலிருந்தே தொடரை உருவாக்கிய கிறிஸ் கார்ட்டருக்கு அறிவியல் ஆலோசனை சொன்னவர். 1999ல் அவர் எழுதிய நூல், அந்தத் தொடரின் விசித்திரங்களுக்குப் பின்னால் இருக்கும் உண்மை அறிவியலைச் சொல்கிறது. 2016ல் தொடர் திரும்பி வந்தபோது, ஓர் அத்தியாயத்தின் கதையில் அவர் பெயரும் இடம்பெற்றது.

அந்தத் தொடரில் எதற்கும் ஆதாரம் கேட்கும் மருத்துவர் டேனா ஸ்கலியைப் பற்றியும் சொல்லவேண்டும். ஜீனா டேவிஸ் நிலையம் 2018ல் வெளியிட்ட ஆய்வில், அறிவியல், தொழில்நுட்பத் துறைகளில் பணியாற்றும் பெண்களில் ஏறத்தாழ மூன்றில் இருவர் ஸ்கலியைத் தங்கள் முன்மாதிரி என்று சொன்னார்கள்.

அதைப் படித்தபோது எனக்குள் ஒரு குற்றவுணர்வு எழுந்தது. காரணம், அந்த நேரத்தில் என் மடிக்கணினியில் ஒரு படிவம் பாதி நிரப்பப்பட்டுக் கிடந்தது.

அப்பா கேட்ட கேள்வி

முதலாண்டு முடிவில் மூலக்கூறு உயிரியல் பாடத்தில் எனக்கு மிக மோசமான மதிப்பெண். தொடக்கக் கல்லூரிவரை உயிரியலில் முதலாவதாக வந்தவள் நான். பல்கலைக்கழகத்தில் விரிவுரை புரியாமல், கேட்க வெட்கப்பட்டு, பின்வரிசைக்குப் போய்விட்டேன். வேறு துறைக்கு மாறலாம் என்று முடிவெடுத்தேன். விண்ணப்பத்துக்குக் கடைசி நாள் ஜனவரியில். வீட்டில் சொல்லவில்லை. இரவு வேலை பார்த்துப் படிக்க வைத்த அப்பாவிடம் எப்படிச் சொல்வது?

டிசம்பர் விடுமுறையில் அப்பாவும் நானும் அந்த 18 அத்தியாயங்களையும் பார்க்கத் தொடங்கினோம். இப்போது இணையத்தில் சந்தா கட்டினால் எல்லாமே கிடைக்கிறது. ஆனால் அப்பா ஒரே நாளில் மூன்று நான்கு பார்க்கச் சம்மதிக்கவில்லை. “ஒரு நாளைக்கு ஒண்ணு போதும்மா. யோசிக்க நேரம் வேணும்” என்றார். பார்த்து முடித்ததும் புத்தகத்தை எடுத்து அந்தப் பக்கத்தைப் படிப்பார். பிறகு பென்சிலால் ஒரு குறி.

முதல் பருவத்தின் கடைசி அத்தியாயமான ‘தி எர்லன்மையர் ஃபிளாஸ்க்’ குறி விழாதவற்றில் ஒன்று. 1994ல் வந்தது. ஆன் சைமன் ஆலோசனை சொன்னதும் இதற்குத்தான். ஒரு குடுவையில் இருக்கும் நுண்ணுயிரை ஸ்கலி ஆய்வுக்கூடத்தில் கொடுத்துச் சோதிக்கிறார். பூமியில் உள்ள எல்லா உயிர்களின் மரபணுவும் அடினைன், தைமின், குவானைன், சைட்டோசின் என்ற நான்கே எழுத்துகளால் ஆனது. இந்த நுண்ணுயிரிலோ ஐந்தாவதும் ஆறாவதும் இருக்கின்றன. அப்படியானால் இது பூமியைச் சேர்ந்ததாக இருக்கமுடியாது என்கிறார் கதையில் வரும் விஞ்ஞானி.

நான் உற்சாகமாகி, நிறுத்திவிட்டு அப்பாவுக்கு விளக்கினேன். 2014ல் கலிஃபோர்னியாவின் ஸ்கிரிப்ஸ் ஆய்வுக்கழகத்தில் ஃபிளாய்ட் ரோம்ஸ்பர்க்கின் குழு, இயற்கையில் இல்லாத இரண்டு எழுத்துகளை ஈ.கோலை நுண்ணுயிரின் மரபணுவில் சேர்த்து, அதை வாழவும் பெருகவும் வைத்தது. கதையில் வேற்றுக்கோள் ரகசியமாக இருந்தது, 20 ஆண்டுகளில் ஆய்வுக்கூடத்தில் மனிதர்கள் செய்த வேலையாகிவிட்டது. ஆறு எழுத்து இருந்தால் வேற்றுக்கோள்தான் என்ற வாதமும் அத்துடன் உடைந்துவிட்டது.

அப்பா கொஞ்சநேரம் யோசித்தார். பட்டறையில் வரைபடங்களைப் படித்தே வாழ்ந்தவர்.

“சரிம்மா, எழுத்தைச் சேர்த்துட்டாங்க. ஆனா அதைப் படிக்கிறது யாரு? தமிழ் எழுத்துக்கு நடுவில் தெரியாத மொழியில் ரெண்டு எழுத்தைப் போட்டா, நான் அதைத் தாண்டிதானே படிப்பேன்?”

எனக்குப் பதில் தெரியவில்லை. நல்ல கேள்வி என்று மட்டும் தெரிந்தது. மரபணு எழுத்துகளை உயிரணு மும்மூன்றாகச் சேர்த்துச் சொல்லாகப் படிக்கிறது. நான்கு எழுத்தில் 64 சொற்கள், ஆறு எழுத்தில் 216 சொற்கள். ஆனால் அந்தப் புதிய சொற்களின் பொருள் உயிரணுவுக்கு எப்படித் தெரியும்?

அன்றிரவு இரண்டு மணிவரை தேடினேன். மோசமான மதிப்பெண் வாங்கிய அதே பாடத்தின் விரிவுரைக் குறிப்புகளைத் திறந்து, வரிவரியாகப் படித்தேன். 2017ல் அதே குழு அடுத்த படியைத் தாண்டியிருந்தது. புதிய எழுத்துள்ள சொற்களைப் படிப்பதற்கு ஏற்ற கருவிகளையும் உயிரணுவுக்குள் வைத்து, இயற்கைப் பட்டியலில் இல்லாத அமினோ அமிலத்தைக் கொண்ட புரதத்தை உருவாக்க வைத்திருந்தார்கள். அப்பா கேட்ட கேள்வியைத்தான் அவர்களும் கேட்டிருக்கிறார்கள்! விடை கண்டுபிடிக்க அவர்களுக்கே மூன்று ஆண்டு ஆகியிருக்கிறது.

மறுநாள் காலை காப்பி குடிக்கும்போது அப்பாவிடம் விடையைச் சொன்னேன். கையோடு மதிப்பெண்ணையும் படிவத்தையும் பற்றிச் சொல்லிவிட்டேன். அப்பா திட்டவில்லை. “புரியலைன்னா கேட்கவேண்டியதுதானே. நான் நேத்து கேட்கலையா?” என்றார். அவ்வளவுதான்.

அந்தப் படிவத்தை நான் அனுப்பவில்லை. ஒரு தொலைக்காட்சித் தொடரின் வழிகாட்டி நூல்தான் அதற்குக் காரணம் என்று சொன்னால் அது மிகை. என் மதிப்பெண்ணும் திடீரென்று உயர்ந்துவிடவில்லை. ஆனால் இந்தப் பருவத்தில் நான் முன்வரிசையில் உட்காருகிறேன். வாரத்துக்கு ஒரு கேள்வியாவது கேட்கிறேன்.

இணையம் இருக்கும்போது இவை எதற்கு?

நண்பர்கள் இதைத்தான் கேட்கிறார்கள். நியாயமான கேள்வி. ‘ஸ்டார் டிரெக்’ தகவல்களுக்கு 2003 முதல் ‘மெமரி ஆல்ஃபா’ என்ற இணையக் களஞ்சியம் இருக்கிறது. எந்தத் தொடருக்கும் எல்லா விவரமும் விரல்நுனியில் கிடைக்கிறது.

இரண்டு வேறுபாடுகள் எனக்குத் தெரிகின்றன. இணையக் களஞ்சியத்தில் தகவல் இருக்கும், பொதுவாக ஒரு மனிதரின் பார்வை இருக்காது. சிக்ரீயின் நூலில் அவருடைய ரசனை இருக்கிறது. நாம் அவரோடு சண்டை போடலாம்.

இரண்டாவது, நூல் காலத்தில் உறைந்து நிற்கிறது. 1995ல் எழுதிய லோரிக்கு அந்தக் கதை எங்கே போய் முடியும் என்று தெரியாது. தொடர் 218 அத்தியாயங்கள் வரை போகும் என்றோ, பல மர்மங்கள் தெளிவாக முடிவுபெறாமலே போகும் என்றோ அவர் அறியமாட்டார். எல்லாம் தெரிந்த பிறகு எழுதப்படும் பக்கத்தில் இந்தத் தவிப்பு இருப்பதில்லை. விடை தெரியாமல் இருப்பதன் சுவையை அந்தப் பழைய பக்கங்களில் நான் உணர்ந்தேன்.

நீங்களும் முயன்று பார்க்க விரும்பினால் என் அனுபவத்திலிருந்து சில யோசனைகள். அடுத்து பார்க்கும் மர்மத் தொடரை ஒரே மூச்சில் பார்த்து முடிக்காதீர்கள். ஒவ்வோர் அத்தியாயத்துக்கும் பிறகு ஒரு குறிப்பேட்டில் மூன்று வரி எழுதுங்கள்: என்ன தெரியும், என்ன சந்தேகம், அடுத்து என்ன நடக்கும். ஊகம் தவறினால் ஏன் தவறியது என்றும் எழுதுங்கள். அறிவியல் புனைவு என்றால், ஒரே ஓர் அறிவியல் செய்தியை எடுத்து உண்மையா என்று சோதியுங்கள். தமிழில் எழுதிப் பாருங்கள். ஆங்கிலத்தில் புரிந்ததாக நினைத்தது உண்மையிலேயே புரிந்ததா என்று அப்போது தெரிந்துவிடும். அப்பாவுக்குத் தமிழில் விளக்கப் போய்த்தான் எனக்கு அது விளங்கியது.

கடைசியாக, வீட்டில் பெரியவர்களிடம் கேளுங்கள். அவர்கள் இளவயதில் எந்தத் தொடருக்காகக் காத்திருந்தார்கள்? எந்த அத்தியாயத்தைத் தவறவிட்டார்கள்? அம்மா இந்த வாரம், தான் பள்ளிக்கூடக் காலத்தில் பார்த்த ஓர் உள்ளூர்த் தமிழ் நாடகத்தின் கதையை எனக்குச் சொல்ல ஆரம்பித்திருக்கிறார். நடுவில் பாதி மறந்துவிட்டதாம். இருப்பதை நான் எழுதிக்கொண்டு வருகிறேன்.

அப்பாவின் புத்தகத்தில் இப்போது குறி விழாத அத்தியாயம் ஒன்றே ஒன்று. இரண்டாம் பருவத்தின் இறுதி அத்தியாயம். அதற்கு மட்டும் அப்பா நாள் தள்ளிக்கொண்டே வருகிறார். “உன் தேர்வு முடியட்டும்மா” என்கிறார்.

பென்சிலைப் புத்தகத்துக்குள்ளேயே வைத்திருக்கிறோம்.